கடனும் மானமும்: ஒரு துண்டுக் கடதாசியின் கதை



போன சம்பள நாளன்று ஓர் அம்மா என்னிடம் சொன்னார்: "மகளோட சடங்குக்கு வாங்குன கடன், ஐயா. முதல் எவ்வளவு, வட்டி எவ்வளவுன்னு கேக்க வெக்கமா இருக்கு. கேட்டா நாணயம் இல்லாதவங்கன்னு சொல்லிருவாங்க."

கணக்குக் கேட்பதில் என்ன வெட்கம்? இந்த வெட்கத்துக்கு ஒரு பழைய கதை உண்டு.

நம் முன்னோர் கண்டிச் சீமைக்கு முதலில் வந்தது கோப்பித் தோட்டங்களுக்கு. மன்னார்க் கரையில் இறங்கிக் காட்டு வழியே மாத்தளைக்கு நடந்தார்கள். 1867இல் ஹேவாஹெட்டைப் பக்கம் லூல்கந்துரையில் ஜேம்ஸ் டெய்லர் 19 ஏக்கரில் தேயிலை போட்டார். 1869இல் வந்த இலைநோய் கோப்பியை அழிக்க, தேயிலை அந்த இடத்தைப் பிடித்தது.

ஆள் சேர்த்தவர் கங்காணி. தோட்டம் கொடுத்த முற்பணத்தைக் கொண்டு தன் ஊரிலும் உறவிலும் சாதியிலும் ஆட்களைத் திரட்டினார். வழிச்செலவு, அரிசி, கம்பளி எல்லாம் ஆளின் பேரில் கடனாக ஏறின. கல்யாணம், சாவு வந்தால் இன்னும் ஏறும். வேலைக்கு வந்த ஆள் கணக்குக்கு அவருக்குத் தலைக்காசு உண்டு.

வேறு தோட்டம் போக வேண்டுமானால் 'துண்டு' வேண்டும். இவ்வளவு கடனைக் கட்டினால் இந்த ஆட்களை விடுகிறோம் என்று தொரை எழுதிய கடதாசி அது. புதிய தோட்டம் அதைக் கட்டும். கடன் ஆளோடு கூடவே போகும்.

"பெரிய கங்காணி நம்ம ஆளு, அவரு கடன வச்சுக்கிட்டு ஓடலாமா?" என்ற எண்ணம் வேலியைவிடப் பலமாக இருந்தது. வாங்கியதைக் கொடுப்பது நல்ல ஒழுக்கம்தான். பெரியவருக்கு அடங்குவது பழைய வழக்கம்தான். ஆனால் ஊர் வழக்கத்தில் பெரியவருக்கும் கடமை உண்டு. கஷ்ட காலத்தில் தாங்க வேண்டும். தோட்ட முதலாளித்துவம் நம் கடமையை வைத்துக்கொண்டு, அந்தக் கடமையைக் கணக்குப் புத்தகத்தில் விட்டுவிட்டது.

1921இல் சட்டம் துண்டு முறையை ஒழித்தது. 1927இல் குறைந்தபட்சச் சம்பளச் சட்டம் வந்தது. கடதாசி போனது; வெட்கம் மட்டும் லயத்தில் தங்கிவிட்டது.

ஆகவே, சடங்கு செய்யுங்கள். கையிருப்புக்கு ஏற்பச் செய்யுங்கள். கடன் வாங்கினால் முதலும் வட்டியும் எழுத்தில் கேளுங்கள். படிக்கத் தெரியாவிட்டால் பள்ளிக்கூடம் போகும் பிள்ளையை வாசிக்கச் சொல்லுங்கள். கட்டிய ஒவ்வொரு தடவையும் பற்றுச்சீட்டு வாங்குங்கள்.

கடனைத் திருப்பிக் கொடுப்பது மானம். கணக்கைக் கேட்பதும் மானம்தான்.

– நலன்புரி உத்தியோகத்தர்