ஒரு நிமிஷத்து மூச்சு

குழந்தையின் உடம்பு சற்றுச் சுட்டாலும் நம் வீடுகளில் முதலில் தேடப்படுவது தர்மாமீட்டர். நல்ல பழக்கந்தான். ஆனால் இருமலும் சளியுமாய்க் கிடக்கும் குழந்தையின் மூச்சை எண்ணிப் பார்க்கும் வழக்கம் நம்மிடையே இல்லை. அதற்குக் கருவி ஏதும் வேண்டியதில்லை. விநாடி முள் உள்ள கடிகாரமும் ஒரு நிமிஷப் பொறுமையும் போதும். சாதாரணச் சளி எது, நுரையீரலைத் தாக்கும் நிமோனியா எது என்று வீட்டிலிருந்தபடியே ஐயுறுவதற்கு இதைவிட எளிய வழி வேறில்லை. தலைநகரின் குளிரையும் புகையையும் எதிர்நோக்கும் நம் குடும்பங்களுக்கு இதனை எடுத்துரைப்பது நம் கடமையென எண்ணுகிறோம்.

மூச்சுக்குக் கணக்கு வைப்பது நமக்குப் புதிதன்று. மனிதன் ஒரு நாளில் 21,600 முறை சுவாசிக்கிறான் என்பது நம் யோக மரபின் கணக்கு. தில்லைப் பொன்னம்பலத்தின் கூரையில் அத்தனை பொன் ஓடுகள் வேயப்பட்டிருப்பதாகச் சொல்வதும் உண்டு. நாளொன்றின் 1,440 நிமிஷங்களால் அதை வகுத்தால் நிமிஷத்துக்கு 15 வருகிறது. ஓய்ந்திருக்கும் பெரியவர்களுக்கு 12 முதல் 20 வரை என்று இன்றைய மருத்துவம் கூறுகிறது. முன்னோர் கணக்கு அதனுள்ளேயே அடங்கிவிடுகிறது!

குழந்தைகளின் கணக்கு வேறு. பச்சிளங் குழந்தை நிமிஷத்துக்கு 30 முதல் 60 முறை வரை மூச்சு விடும். வளர வளர அது குறையும். ஆதலின் எந்த எண்ணைக் கண்டால் அஞ்ச வேண்டும் என்பதும் வயதைப் பொறுத்ததே. பிறந்து இரண்டு மாதம் நிறையாத குழந்தைக்கு 60, அதற்குமேல் ஓராண்டு வரை 50, ஓராண்டு முதல் ஐந்தாண்டு வரை 40 என உலக சுகாதார நிறுவனம் எல்லை வகுத்திருக்கிறது. இருமல் உள்ள குழந்தையின் மூச்சு இந்த எண்ணை எட்டினாலோ கடந்தாலோ நிமோனியாவென்று ஐயுற்று, அன்றே டாக்டரிடம் காட்ட வேண்டும். இரண்டு மாதத்துக்குட்பட்ட குழந்தையாயின் மறுபடியும் ஒருமுறை எண்ணி, அப்போதும் 60க்குக் குறையாவிட்டால், பொழுது விடியட்டும் என்று காத்திராமல் ஆஸ்பத்திரிக்குப் புறப்படுதல் வேண்டும்.

எழுத்தறியாதவர்களாலும் இதைச் செய்ய முடியும் என்பதற்கு மகாராஷ்டிரத்துக் கட்சிரோலி மாவட்டமே சான்று. அங்கே தொண்டாற்றிவரும் டாக்டர் அபய் பங், டாக்டர் ராணி பங் தம்பதியர், பெரிய எண்களை எண்ணத் தெரியாத கிராமத்து மருத்துவச்சிகளுக்காக மணற்கடிகையும் மணிகளும் சேர்ந்த ஒரு சிறு கருவியை அமைத்தனர். பத்து மூச்சுக்கு ஒரு மணியை நகர்த்த வேண்டும். மணல் வடிந்து முடிவதற்குள் சிவப்பு மணியின் முறை வந்துவிட்டால் நிமோனியா. கிராமத்தாரையே பயிற்றி நோயைக் கண்டு மருந்தளித்ததால் குழந்தை மரணங்கள் குறைந்தன என்பதை 1990இல் வெளிவந்த அவர்களது ஆய்வு காட்டியது.

எண்ணும் முறையில் கவனம் வேண்டும். அழும்போதும் பால் குடிக்கும்போதும் எண்ணலாகாது. குழந்தை அமைதியாக மடியிலோ உறக்கத்திலோ இருக்கையில் சட்டையை மெல்ல உயர்த்தி, வயிறு எழுவதைப் பாருங்கள். எழுந்து தணிவது ஒன்று. அரை நிமிஷம் எண்ணி இரட்டிப்பது தவறு. சிசுக்கள் சில விநாடி மூச்சை நிறுத்திப் பின் விரைந்து விடுவது இயல்பாதலால் முழு நிமிஷமும் எண்ணியே தீர வேண்டும்.

எண்ணும்போதே விலாவையும் நோக்குங்கள். மூச்சை உள்ளிழுக்கையில் மார்பின் கீழ்ப்பகுதி குழிந்தால் அது கடுமையின் அடையாளம். வடநாட்டுத் தாய்மார்கள் இதனைப் 'பஸ்லீ சல்னா', அதாவது விலா அசைதல் என்பர். புதிதாக இங்கே குடிவந்த நம் பெண்மணிகள், அடுத்த வீட்டு அம்மாள் குழந்தையைப் பார்த்துப் 'பஸ்லீ சல் ரஹீ ஹை' என்றால், மொழி புரியவில்லையென்று தலையசைத்துவிட்டு இருந்துவிட வேண்டாம். பால் குடிக்க இயலாமை, முனகல், நாக்கு நீலம் பாரித்தல், எழுப்பியும் விழிக்காமை ஆகியவற்றில் ஏதேனும் ஒன்று தோன்றினால் எண்ணிக்கொண்டிருக்கவும் கூடாது, உடனே ஆஸ்பத்திரிதான்.

ஊரிலிருந்து வரும் பாட்டிமார்களிடம் பணிவுடன் ஒன்று சொல்ல வேண்டும். குழந்தையின் மூக்கில் எண்ணெய் விடுவதை அருள்கூர்ந்து நிறுத்துங்கள். அது நுரையீரலுக்குள் இறங்கித் தானே ஒருவகை நிமோனியாவை உண்டாக்கும்.

மூச்சு வெளிவரும்போது சீழ்க்கைபோல் ஒலித்தால் அது இளைப்பு. அடிக்கடி வருவதாயின் ஆஸ்துமாவாக இருக்கலாம். உறிஞ்சு மருந்தாகிய இன்ஹேலரைத் தொட்டால் விடமுடியாது என்ற அச்சம் நம்மவரிடையே மிகுதி. அது வீண் அச்சம். சால்புடமால் மாத்திரை ஒன்றில் 4 மில்லிகிராம் மருந்து உண்டு. இன்ஹேலரின் ஓர் அழுத்தத்தில் 100 மைக்ரோகிராம், அதாவது நாற்பதில் ஒரு பங்குதான். நேரே நுரையீரலைச் சேர்வதால் அவ்வளவே போதுமானதாகிறது.

எண்ணிக்கைக்கு அகப்படாத ஆபத்தும் ஒன்றுண்டு. குளிருக்கு அஞ்சி, 'அங்கீட்டி' எனப்படும் கணப்புச் சட்டியில் கரி மூட்டி, கதவடைத்து உறங்குவது. கார்பன் மோனாக்ஸைடுக்கு நிறமும் இல்லை, மணமும் இல்லை. உறங்கியவர்கள் மூச்சுத் திணறலை உணராமலே மாண்டுவிடுவர். வெயில் நாட்டிலிருந்து வந்த நமக்கு இப்பழக்கம் புதிது. கணப்பை அறைக்கு வெளியே வைத்துவிட்டுப் போர்வையைக் கூட்டிக்கொள்ளுங்கள்.

வீட்டுப் பெரியவர்களைப் பற்றியும் ஒரு சொல். மல்லாந்து படுத்தால் மூச்சு முட்டுகிறது, எழுந்து உட்கார்ந்தால் தணிகிறது என்று அவர்கள் சொன்னால் வயதின் மேல் பழி போட வேண்டாம். இருதயம் தளர்ந்ததன் குறியாக அது இருக்கலாம். எத்தனை தலையணை வைத்தால் உறக்கம் வருகிறது என்று டாக்டர் கேட்பார். ஒன்றாயிருந்தது எப்போது மூன்றாயிற்று என்பதைக் குறித்துக்கொண்டு போங்கள்.