மன்னர் போட்ட வாய்ப்பூட்டு!

1794-ம் ஆண்டு அக்டோபர் மாதம். பிரஷ்யா நாட்டின் கோனிக்ஸ்பர்க் நகரில் வசித்த 70 வயது முதியவர் ஒருவருக்கு, மன்னரின் பெயரால் ஒரு கடிதம் வந்தது.

தம்முடைய தத்துவத்தைக் கொண்டு கிறிஸ்தவ வேதத்தின் முக்கியக் கொள்கைகளை அவர் இழிவுபடுத்திவிட்டார் என்று அதில் குற்றம் சாட்டப்பட்டு இருந்தது. இனியும் அப்படிச் செய்தால் கடும் நடவடிக்கை எடுக்க நேரும் என்ற எச்சரிக்கையும் இருந்தது.

அந்த முதியவர் கலகக்காரர் அல்ல. பல்கலைக்கழகப் பேராசிரியர். பெயர், இம்மானுவேல் காண்ட். ஐரோப்பாவின் மாபெரும் தத்துவ ஞானிகளில் ஒருவர்.

கடவுளைப் பற்றி அவர் அப்படி என்னதான் சொன்னார்?

வார் தைப்பவர் மகன்

காண்ட் 1724-ம் ஆண்டு ஏப்ரல் 22-ந் தேதி பிறந்தார். தகப்பனார் குதிரைச் சேணத்துக்கு வார் தைத்துப் பிழைத்தவர். தாயார் பக்தி மிகுந்தவர். மகனை ஊருக்கு வெளியே அழைத்துப் போய், செடி கொடிகளையும் வானத்தையும் காட்டி, கடவுளின் பெருமையைச் சொல்லுவார். மகனுக்கு 13 வயது ஆனபோது அந்தத் தாய் இறந்துபோனார்.

படித்த பள்ளிக்கூடத்தில் ஓயாத ஜெபம், ஓயாத வேதபாடம். அங்கே கட்டாயப்படுத்திப் புகட்டிய பக்தி சிறுவனுக்குக் கசந்தது. ஆனால், வீட்டில் கண்ட பக்தியை அவர் கடைசிவரை மரியாதையோடு நினைத்தார்.

காண்ட் கல்யாணம் செய்துகொள்ளவில்லை. தூர தேசங்களுக்குப் போனதும் இல்லை. விடியற்காலை 5 மணிக்கு எழுந்திருப்பார். பாடம் நடத்துவார். மாலையில் உலாவப் போவார். அவர் போவதைப் பார்த்து ஊரார் கடிகாரத்தைச் சரிசெய்து கொள்வார்கள் என்று ஒரு கதை உண்டு!

பையில் 100 தாலர்

1781-ம் ஆண்டில், தம்முடைய 57-வது வயதில், அவர் "தூய அறிவின் திறனாய்வு" என்ற பெரிய புத்தகத்தை வெளியிட்டார்.

கடவுள் இருப்பதை அறிவைக் கொண்டே நிரூபித்துவிடலாம் என்று அறிஞர்கள் பலர் சொல்லிவந்த காலம் அது. "கடவுள் குறையே இல்லாதவர். இல்லாமல் இருப்பது ஒரு குறை. ஆகவே, கடவுள் இருக்கிறார்" என்பது அவர்களுடைய வாதங்களில் ஒன்று.

காண்ட் ஓர் உதாரணம் காட்டினார். தாலர் என்பது அந்த நாட்டு வெள்ளி நாணயம். 100 தாலரை ஒருவன் மனதில் எவ்வளவு தெளிவாக நினைத்தாலும் அவன் பை நிறைந்துவிடுமா? நினைப்பு வேறு, இருப்பு வேறு. கடவுளை மனதில் நினைக்க முடிகிறது என்பதாலேயே அவர் இருப்பது நிரூபணம் ஆகிவிடாது என்றார்.

பக்தர்கள் திடுக்கிட்டார்கள். ஆனால், நாத்திகருக்கும் அவர் வெற்றியைக் கொடுக்கவில்லை. கடவுள் இல்லை என்றும் அறிவால் நிரூபிக்க முடியாது என்றார். கண்டும் கேட்டும் அறியும் உலகம்தான் மனித அறிவின் எல்லை. அதற்கு அப்பால் இருப்பது நம்பிக்கையின் இடம் என்பது அவர் முடிவு.

கடைக்காரரும் குழந்தையும்

அப்படியானால் மனிதன் ஏன் ஒழுங்காக நடக்கவேண்டும்?

ஒரு கடைக்கு விவரம் தெரியாத குழந்தை வருகிறது. கடைக்காரர் ஏமாற்றவில்லை. சரியான விலைக்கே விற்கிறார். அவர் நல்லவரா?

"ஏமாற்றினால் வியாபாரம் படுத்துவிடும்" என்று பயந்து அப்படி நடந்தால், அது வெறும் வியாபார சாமர்த்தியம். "ஏமாற்றுவது தவறு" என்பதற்காகவே நேர்மையாக நடந்தால்தான் அது அறம் என்றார் காண்ட்.

எது சரி, எது தவறு என்று பார்க்க அவர் ஒரு வழி சொன்னார். நீ செய்வதை எல்லோரும் செய்யலாம் என்று ஆகிவிட்டால் என்ன நடக்கும்? திருப்பித் தரமுடியாது என்று தெரிந்தும், "தருகிறேன்" என்று சொல்லி ஒருவன் கடன் வாங்குகிறான். எல்லோரும் இப்படிச் செய்தால் யார் பேச்சை யார் நம்புவார்கள்? கடன் கொடுப்பவரே இருக்கமாட்டார். ஆகவே, அது தவறு.

இதைச் சொல்ல வேதம் தேவை இல்லை. ஏழைக்கும் பணக்காரனுக்கும் மனச்சாட்சியே போதும். நரகத்துக்குப் பயந்து நல்லது செய்பவன் அந்த வியாபாரியைப் போன்றவன்தான்!

ஆனாலும், காண்ட் கடவுளைக் கைவிடவில்லை. நல்லவன் துன்பப்படுகிறான், கெட்டவன் சுகமாக வாழ்கிறான். நல்லவனுக்கு நன்மை சேர்ந்தே தீரவேண்டும் என்று மனித மனம் கேட்கிறது. இந்த உலகில் அது நடப்பது இல்லை. அதனால்தான் கடவுள் உண்டு, ஆன்மா அழியாது என்று மனிதன் நம்ப நியாயம் இருக்கிறது என்றார்.

எது வழிபாடு?

1786-ம் ஆண்டு, சிந்தனையாளர்களுக்கு இடம் கொடுத்த மன்னர் பிரெடரிக் காலமானார். அடுத்து வந்தவர் இரண்டாம் பிரெடரிக் வில்லியம். இவர் ஆட்சியில், 1788-ம் ஆண்டு, மதக் கருத்துக்களைக் கட்டுப்படுத்தும் ஆணை பிறந்தது.

மதத்தைப் பற்றிக் காண்ட் எழுதிய ஒரு கட்டுரையை 1792-ல் பெர்லின் தணிக்கை அதிகாரிகள் தடுத்தார்கள். அவர் பல்கலைக்கழகத்தின் அனுமதியைப் பெற்று, 1793-ல் அதைப் புத்தகமாகவே வெளியிட்டார்.

நல்ல நடத்தைதான் உண்மையான வழிபாடு. அதை விட்டுவிட்டுச் சடங்குகளால் கடவுளின் தயவைப் பெறலாம் என்று நினைப்பது வெறும் மயக்கம் என்று அதில் எழுதினார்.

அரண்மனைக் கடிதம் வந்தது இதற்காகத்தான்.

மூன்று சொற்கள்

பொய்யே கூடாது என்று உலகுக்குப் போதித்தவர் காண்ட். சொன்னதை மறுத்தால் அது பொய் ஆகும். எதிர்த்து நின்றால் முதுமையில் தண்டனை வரும்.

அவர் மறுக்கவும் இல்லை, எதிர்க்கவும் இல்லை. உள்ளத்தில் நம்புவதை மறுப்பது இழிவு. ஆனால், உண்மைகளை எல்லாம் ஊர் அறியச் சொல்லியே தீரவேண்டும் என்ற கடமை இல்லை என்று தமக்குள் முடிவுசெய்தார்.

குற்றச்சாட்டை மறுத்து மன்னருக்குப் பதில் எழுதினார். "மாட்சிமை தங்கிய தங்களுடைய விசுவாசமுள்ள குடிமகன்" என்ற முறையில், இனி மதத்தைப் பற்றிப் பேசுவதும் இல்லை, எழுதுவதும் இல்லை என்று வாக்குக் கொடுத்தார். அதைக் காப்பாற்றவும் செய்தார்.

1797-ம் ஆண்டு அந்த மன்னர் இறந்தார்.

மறு ஆண்டே காண்டின் புதிய புத்தகம் வந்தது. அதில் மதம் பற்றிய பேச்சும் இருந்தது! மன்னரின் கடிதத்தையும் தம்முடைய பதிலையும் முன்னுரையில் அப்படியே அச்சிட்டு இருந்தார். "மாட்சிமை தங்கிய தங்களுடைய" என்ற சொற்களை வேண்டும் என்றேதான் எழுதியதாக அவரே சொன்னார். அந்த மன்னர் உயிரோடு இருக்கும்வரைதான் அவர் அந்தக் குடிமகன். மன்னர் போனதும் வாக்கின் கெடுவும் முடிந்தது.

இது நேர்மையா, தந்திரமா? அறிஞர்கள் இன்றும் வாதாடுகிறார்கள். அவர் வகுத்த அளவுகோலைக் கொண்டே அவரை அளக்கிறார்கள்.

காண்ட் 1804-ம் ஆண்டு பிப்ரவரி 12-ந் தேதி காலமானார். அவருடைய ஊர் இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு ரஷ்யர்கள் வசம் போய், 1946 முதல் கலினின்கிராடு ஆகிவிட்டது. மன்னர்களும் இல்லை, பிரஷ்யா நாடும் இல்லை. ஆனால், பழைய மாதா கோவிலின் வெளிச்சுவரை ஒட்டி அவருடைய கல்லறை மட்டும் அப்படியே இருக்கிறது.