பேட்டி எடுத்தால் போதுமா?

டீ ஆறிவிடும், குடித்துக்கொண்டே கேளுங்கள். மலைப் பழங்குடியினரான பளியரைப் பற்றி ஆவணப்படம் எடுக்கப்போகிறோம், நாலு பெரியவர்களைப் பேட்டி கண்டால் அவர்கள் பண்பாடு பதிவாகிவிடும்தானே என்று கேட்டீர்கள். திண்டுக்கல்லில் இருப்பவருக்கு இந்த ஆசை வருவது நியாயம். சிறுமலையிலும் பழனி மலையிலும் பளியர் குடியிருப்புகள் உண்டு. நமக்குத்தான் மலை வாழைப்பழத்தைத் தெரிந்த அளவுக்கு மலையில் இருப்பவர்களைத் தெரியாது. ஆனால் பேட்டி என்றீர்களே, அங்கேதான் இடிக்கிறது.

1960களில் பீட்டர் கார்ட்னர் என்ற அமெரிக்க மானிடவியலாளர் பளியரிடையே தங்கி ஆய்வு செய்தார். அவர்கள் குறைவாகவே பேசுகிறார்கள், நாற்பது வயதுக்குள் பேச்சு அநேகமாக நின்றுபோகிறது என்று எழுதினார். இது கொஞ்சம் மிகை என்றே எனக்குப் படுகிறது. வெளியூர்க்காரர் முன்னால் யார்தான் வாயைத் திறப்பார்கள்? ஆனால் அவர் கவனித்த இன்னொன்று முக்கியம். அங்கே யாரும் யாரையும் உட்காரவைத்துப் பாடம் நடத்துவதில்லை. கூடவே போய், பார்த்து, தானே செய்து கற்கிறார்கள். அதனால் ஒரே செடிக்கு இருவர் இரண்டு பெயர் சொன்னாலும் அது அங்கே வழக்காகாது.

இப்படி வந்த அறிவை "சொல்லுங்கள் ஐயா" என்று மைக்கை நீட்டி வாங்க முடியாது. நோட்டுப் புத்தகமும் தோற்கும். கேமராவுக்கு வேலை இருப்பது இங்கேதான், நாம் வாயை மூடிக்கொண்டால். காட்டு வள்ளிக்கிழங்கு தோண்டப் போகிறவருடன் போங்கள். காய்ந்த கொடியை எப்படி அடையாளம் காண்கிறார், கம்பை எந்தப் பக்கம் இறக்குகிறார், எப்போது கம்பை வைத்துவிட்டுக் கையை விடுகிறார், எதைத் தொடாமல் விட்டுவருகிறார்? வெட்டாமல் முழுசாக எடுங்கள். பின்னணி இசை வேண்டாம், மண்ணில் கம்பு இறங்கும் சத்தம் கேட்கட்டும். அதே வேலையை இன்னும் இரண்டு பேர் செய்வதையும் எடுங்கள், ஆளுக்கு ஆள் மாறும். மேலே ஒரு கனத்த குரல் வந்து "பளியர் இப்படித்தான் செய்வார்கள்" என்று அறிவித்தால், அவர்களிடம் இல்லாத ஒற்றைப் பாடத்தை நாம் எழுதிக் கொடுத்ததாகிவிடும்.

பழங்காலம் போலத் தெரியவேண்டும் என்று அவர்களைச் சட்டையைக் கழற்றச் சொல்லாதீர்கள். சிரிக்காதீர்கள், இந்த வியாதி பழையது. 1922இல் வந்த 'நானூக் ஆஃப் த நார்த்' படத்துக்காக, துப்பாக்கி வைத்திருந்த இனுயிட் மக்களை ஈட்டியால் வேட்டையாட வைத்தார் ராபர்ட் ஃபிளாஹர்ட்டி. உள்ளே வெளிச்சம் போதாதென்று பனிவீட்டைப் பாதி மட்டும் கட்டவைத்தார். பளியர் கையில் செல்போன் இருந்தால் அதுவும் படத்தில் இருக்கட்டும்.

மருந்துச் செடி விஷயத்தில் மட்டும் கேமராவை இறக்குங்கள். 1987இல் அகத்தியமலையில் ஆய்வாளர்களுக்கு வழிகாட்டிப் போன காணிப் பழங்குடியினர் களைப்புத் தெரியாமலிருக்க ஒரு காயைத் தின்றார்கள். அந்தக் காய் காய்க்கும் ஆரோக்கியப்பச்சை என்ற செடியிலிருந்து 'ஜீவனி' என்ற மருந்து பிறந்தது. அந்த மருந்துக்கான உரிமத் தொகையில் காணிகளுக்குப் பாதி என்று ஏற்பாடானது, அது அபூர்வம். 2006ஆம் ஆண்டின் வன உரிமைச் சட்டம் மரபறிவை அந்தச் சமூகத்தின் உரிமையாகவே ஏற்கிறது. ஆகவே இலையை நெருக்கத்தில் காட்டலாமா, தேன்பாறை இருக்கும் இடத்தைச் சொல்லலாமா என்பதை ஊர்க்கூட்டத்தில் கேளுங்கள். எடிட் முடிந்ததும் முதலில் அங்கே போட்டுக் காட்டுங்கள். வேண்டாம் என்கிற காட்சியை எடுத்துவிட்டு, மிச்சத்தின் பிரதியை அவர்களுடைய போன்களில் ஏற்றிக் கொடுத்த பிறகு திரைப்பட விழாவுக்கு அனுப்பலாம்.