விபத்தில் இறந்த விவசாயிக்கு நஷ்டஈடு: கணக்கு எப்படி?

சாலை விபத்தில் விவசாயி இறந்தால், "நிலம் குடும்பத்திடம்தானே இருக்கிறது, நஷ்டம் என்ன?" என்று இன்சூரன்ஸ் தரப்பில் வாதாடுவதுண்டு. அவருடைய உழைப்பும் மேற்பார்வையும் போனதே நஷ்டம். கோர்ட் அதற்கு மதிப்புப் போடுகிறது.

உதாரணமாக, இறந்தவருக்கு வயது 38. மாத மதிப்பு ரூ.12,000. சுப்ரீம் கோர்ட்டின் 2009, 2017-ம் ஆண்டுத் தீர்ப்புகளின்படி, வருங்கால உயர்வுக்கு 40 சதவீதம் கூட்டினால் ரூ.16,800. மனைவி, தாய், இரு குழந்தைகள் என நால்வர் அவரை நம்பியிருந்தால், சொந்தச் செலவுக்குக் கால் பங்கு கழியும். மீதி ரூ.12,600, ஆண்டுக்கு ரூ.1,51,200. இதை அந்த வயதுக்குரிய 15 ஆல் பெருக்கினால் ரூ.22,68,000. ஈமச்சடங்குச் செலவு முதலியவை தனி.

மாத மதிப்பில் ரூ.1,000 குறைந்தால், முடிவில் ரூ.1,89,000 குறையும். ஆகவே அடங்கல், பால் சங்க அட்டை, விற்பனைக்கூட ரசீது ஆகியவற்றைப் பத்திரப்படுத்தி, இருக்குமிடத்தை வீட்டாருக்கும் சொல்லி வைப்பது அவசியம்.