இடிக்கவும் ஓர் அனுமதி உண்டு

விஜயநகரில் நம்மவர்கள் நாலு பேர் ஒரு விசேஷத்தில் சந்தித்துக்கொண்டால் பேச்சு எப்படியும் வீட்டில் வந்துதான் நிற்கும். சைட் எந்த வருஷம் கிடைத்தது, பிளான் சாங்ஷனுக்கு எத்தனை நடை நடந்தோம், காத்தா நம் பேருக்கு மாற எத்தனை மாதம் ஆயிற்று என்று பந்தி முடியும்வரை பேசலாம். வீடு கட்ட வாங்கிய அனுமதியைப் பற்றி இவ்வளவு பேசும் நாம், வீட்டை இடிப்பதற்கும் ஓர் அனுமதி உண்டு என்பதைப் பற்றிப் பேசுவதேயில்லை. ரயில்வேயில் கட்டடப் பிரிவில் டிப்ளமாக்காரனாகச் சேர்ந்து, இன்ஸ்பெக்டர் ஆஃப் ஒர்க்ஸ் என்ற பழைய பெயரிலும், பிறகு செக்ஷன் இன்ஜினியர் என்ற புதுப் பெயரிலும் காலம் தள்ளியவன் நான். கட்டியதைவிடப் பழுது பார்த்ததுதான் அதிகம். அந்த அனுபவத்தில் இந்த இரண்டாவது அனுமதியைப் பற்றிச் சில விஷயங்களை அன்பர்களுடன் பகிர்ந்துகொள்ள விரும்புகிறேன்.

நம் விஜயநகர் இளம் பேட்டை. இங்கே பாதுகாக்க வேண்டிய பழைய வீடு என்று எதுவும் இல்லை. எல்லாம் காங்கிரீட் கூரை. பழைய மைசூர் வேறு. 1898-ஐ ஒட்டி வந்த பிளேக் நோய் நெருக்கமான தெருக்களில் பரவி உயிர்களைக் கொண்டுபோயிற்று. அதன் பின் 1903-ல் நகர அபிவிருத்தி டிரஸ்ட் போர்டு ஏற்பட்டது. பம்பாயில் 1898-லேயே இப்படி ஒன்று வந்துவிட்டது. நேரான தெரு, வீட்டுக்கு வீடு இடைவெளி, பின்புறம் துப்புரவுச் சந்து என்று மைசூர் விரிந்தது இந்தப் போர்டின் காலத்தில்தான். லக்ஷ்மிபுரம், சாமராஜபுரம் பக்கம் நடந்து போனால் அந்தக் காலத்து ஒழுங்கு இன்றும் கண்ணில் படும். முன்னே திண்ணை, மரத் தூண், மங்களூர் ஓடு, இல்லையென்றால் மெட்ராஸ் டெரஸ் மாடி. பின்னாளில் 1988-ல் நகர அபிவிருத்தி ஆணையம் அந்தப் போர்டின் இடத்துக்கு வந்தது.

அந்த வீடுகள்தான் இப்போது ஒவ்வொன்றாகப் போய்க்கொண்டிருக்கின்றன. யாரையும் குறை சொல்வதற்கில்லை. தாத்தா கட்டிய வீட்டுக்கு இன்று பேரன் பேத்திகள் பதினைந்து பேர் பங்காளிகள். ஒருவர் பெங்களூர், ஒருவர் நியூஜெர்சி, ஒருவர் சென்னை. ஓடு மாற்றக்கூட யார் பணம் போடுவது என்று தீர்மானமாகாது. நிலத்தின் விலையோ ஏறிக்கொண்டே இருக்கிறது. கடைசியில் ஒரு பில்டர் வருகிறார், எல்லோரும் கையெழுத்துப் போடுகிறார்கள், மூன்று நாளில் தரைமட்டம்.

இதற்கு மைசூரிலேயே எல்லோருக்கும் தெரிந்த உதாரணம் ஒன்று உண்டு. யாதவகிரி விவேகானந்தா ரோட்டில் உள்ள ஆர்.கே.நாராயண் வீடு. சென்னையில் 1906-ல் பிறந்த நாராயண், தந்தையார் இங்கே தலைமையாசிரியராக இருந்ததால் மைசூர்க்காரராகவே ஆகிவிட்டவர். லக்ஷ்மிபுரத்தில் வாடகை வீட்டில் வெகுகாலம் இருந்தார். பிறகு யாதவகிரி மேட்டில் மனை வாங்கி, 1952 வாக்கில் சொந்த வீட்டைக் கட்டி முடித்தார். மாடியில் அரைவட்டமாக வெளியே நீண்டு நிற்கும் எழுதும் அறை; சுற்றிலும் சன்னல்கள். அந்த நாளில் அங்கிருந்து பார்த்தால் சாமுண்டி மலையும் தெரியும், ரயில் பாதையும் தெரியும். (ரயில்வேக்காரன் என்பதால் இரண்டாவதைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை.) 1990-களில் அவர் சென்னைக்குக் குடிபோனார், 2001-ல் அங்கேயே காலமானார்.

வீடு குடும்பத்தார் கையிலிருந்து அடுக்குமாடி கட்டும் பில்டரிடம் போயிற்று. 2011 செப்டம்பரில் இடிப்பு தொடங்கிவிட்டது. செய்தி பத்திரிகையில் வந்ததும் ஊரில் பேச்சு கிளம்பி, மாநகராட்சி தலையிட்டு வேலையை நிறுத்தியது. பாரம்பரியக் கட்டடம் என்ற அறிவிப்பு வந்தது அதற்குப் பிறகுதான். கவனியுங்கள், முதலில் கடப்பாரை, பிறகு அறிவிப்பு! பில்டரும் குடும்பத்தாரும் அதுவரை ஒரு தவறும் செய்யவில்லை. பட்டியலில் இல்லாத வீட்டை அவர்கள் எதற்காகப் பாதுகாக்க வேண்டும்? பிறகு மாநகராட்சி சுமார் 2 கோடியே 40 லட்சம் ரூபாய் கொடுத்து வீட்டை வாங்கிப் பழுது பார்த்தது. 2016 நடுவில் அது காட்சியகமாகத் திறக்கப்பட்டது. ஆக, ஒரு வீட்டைக் காப்பாற்ற ஏறத்தாழ ஐந்து வருஷம்.

இடையில் சில கன்னட எழுத்தாளர்கள் எதிர்ப்புத் தெரிவித்தார்கள். ஆங்கிலத்தில் எழுதிய தமிழர் ஒருவரின் வீட்டுக்கு மக்கள் வரிப்பணத்தை ஏன் செலவிட வேண்டும், அவரது கையெழுத்துப் பிரதிகள்கூட அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றுக்குத்தானே போயின என்பது அவர்கள் கேள்வி. நம் பத்திரிகையில் இதைத் தொடாமல் விட்டுவிடுவது சுலபம். எனக்குத் தோன்றுவதைச் சொல்லிவிடுகிறேன். நாராயண் தமிழர் என்பதால் அந்த வீட்டைக் காப்பாற்றியிருந்தால் அது தவறு. அவர் எழுதிய ஊர் இது என்பதால் காப்பாற்றியதுதான் சரி. ஆனால் கன்னட எழுத்தாளர்களின் வீடுகளுக்கும் அதே அக்கறை வேண்டும் என்று கேட்பதில் முழு நியாயம் உண்டு. அதைத் தீர்த்துவைப்பது முன்கூட்டியே போட்ட ஒரு பட்டியல்தான். ஊர் நிதானமாக உட்கார்ந்து பட்டியல் போட்டிருந்தால், ஆபத்து வந்த நேரத்தில் இவர் யார், அவர் யார் என்ற சண்டையே வந்திராது.

இதே நாராயணுக்கு நம் ரயில்வேயும் ஒரு மரியாதை செய்தது. 'மால்குடி டேஸ்' தொடரைச் சங்கர் நாக் படமாக்கியபோது பயன்பட்ட ஷிவமொக்கா மாவட்டத்து அரசாலு ஸ்டேஷன் பழைய கட்டடத்தை, மைசூர் டிவிஷன் 2020-ல் மால்குடி மியூசியமாக மாற்றியது. அங்கே சண்டை இல்லை. சொத்து ரயில்வேயினுடையது, பங்காளிகள் கிடையாது, பில்டர் கிடையாது.

பழைய கட்டடத்தை வைத்துக்கொள்வதில் உயிர் ஆபத்தும் உண்டு. வைஸ்ராய் லேன்ஸ்டௌன் பிரபு வருகையையொட்டி 1892-ல் கட்டிய லேன்ஸ்டௌன் கட்டடத்தின் ஒரு பகுதி 2012 ஆகஸ்டில் சரிந்து நாலு பேர் இறந்தார்கள். 2016 ஆகஸ்டில் தேவராஜ மார்க்கெட்டின் வடக்கு வாசல் பகுதி விழுந்தது. இடித்துக் கட்டுவதா, புதுப்பிப்பதா என்ற வழக்கு உயர் நீதிமன்றம்வரை போயிற்று. "பழசு என்றாலே ஆபத்து, இடி" என்பவர்களுக்கு இவை இரண்டும் கை ஆயுதம்.

தொழில்காரன் என்ற முறையில் இங்கே கொஞ்சம் நின்று சொல்ல வேண்டியிருக்கிறது. சுண்ணாம்புக் கட்டடம் வயதால் மட்டும் விழுவதில்லை. மெட்ராஸ் டெரஸ் எப்படிப் போடுவார்கள் என்று இளையவர்கள் பலருக்குத் தெரியாது. தேக்கு உத்தரங்களின் மேல் சின்னச் செங்கலைக் குத்துக்கல்லாக, மூலைவாட்டில் சுண்ணாம்புச் சாந்தில் நெருக்கி அடுக்குவார்கள். அதன்மேல் செங்கல் ஜல்லியும் சுண்ணாம்பும் கலந்த கலவையைப் பரப்பி, கடுக்காயும் வெல்லமும் ஊறின தண்ணீரைத் தெளித்துக்கொண்டே பெண்கள் வரிசையாக உட்கார்ந்து மரக்கட்டையால் நாள்கணக்கில் தட்டுவார்கள். கடைசியில் தட்டு ஓடு. தண்ணீர் வெளியேற வழி இருக்கும்வரை இந்தக் கூரை நூறு வருஷம் அசையாது. எமன் எங்கே வருகிறான் என்றால், மழைநீர்க் குழாய் அடைத்துக்கொண்டு உத்தரத்தின் தலை சுவருக்குள்ளேயே உளுத்துப் போகும்போது. சுவர் வெடிப்பில் முளைத்த அரசங்கன்றை வேரோடு எடுக்காமல் நுனியை மட்டும் கிள்ளும்போது. ஒழுகுகிறது என்று மேலே மேலே சிமெண்டைப் பூசும்போது. சுண்ணாம்புச் சுவர் ஈரத்தை வாங்கும், திரும்பவும் விடும். சிமெண்ட் பூச்சு அதன் மூச்சை அடைத்துவிடும். ஈரம் உள்ளேயே நின்று செங்கல் பொடிந்து கொட்டும். வீட்டுக்காரர் "பார்த்தீர்களா, பழைய சுவர்" என்பார். பழைய சுவரல்ல, புதுப் பூச்சு!

மனமிருந்தால் என்னென்ன செய்யலாம் என்பதற்கு ஸ்ரீரங்கப்பட்டணத்தில் நடந்ததைச் சொல்ல வேண்டும். பெங்களூர் - மைசூர் இரட்டைப் பாதை வேலைக்குக் குறுக்கே திப்பு சுல்தான் காலத்து ஆயுதக் கிடங்கு ஒன்று நின்றது. இடிக்கக் கூடாது, பாதையை வளைக்கவும் வழியில்லை. ஆகவே ஏறத்தாழ ஆயிரம் டன் எடையுள்ள அந்தக் கட்டடத்தை அடியில் தோண்டி, எஃகு உத்தரம் கொடுத்து, ஜாக்கி வைத்துத் தூக்கி, சுமார் 100 மீட்டர் நகர்த்தி 2017 மார்ச்சில் வேறிடத்தில் வைத்தார்கள். அமெரிக்க நிறுவனம் ஒன்றும் நம் நாட்டு நிறுவனம் ஒன்றும் சேர்ந்து செய்த வேலை. செலவு கோடிக்கணக்கில். அந்தக் கிடங்குக்கு ஏன் அவ்வளவு மரியாதை? சட்டப்படி பாதுகாக்கப்பட்ட சின்னம், அதனால். பக்கத்திலேயே பட்டியலில் இல்லாத ஒரு பழைய வீடு இருந்திருந்தால் ஒரு ஞாயிற்றுக்கிழமையில் காணாமல் போயிருக்கும்.

மற்ற ஊர்களில் இதற்கு என்ன வழி செய்திருக்கிறார்கள்? இங்கிலாந்தில் 1947 சட்டத்திலிருந்தே பட்டியல் உண்டு. பட்டியலில் உள்ள வீட்டை அனுமதியில்லாமல் இடித்தால் அது குற்றம். நம் நாட்டில் பம்பாய் 1995-ல் விதி கொண்டுவந்தது. பாரம்பரியக் கட்டடத்தை வைத்துக்கொள்கிறவருக்கு, அங்கே கட்ட முடியாமல் போன சதுர அடியை வேறிடத்தில் பயன்படுத்தவோ விற்கவோ உரிமை கொடுத்தார்கள். இது எனக்கு மிகவும் பிடித்த ஏற்பாடு. ஏனென்றால் வீட்டுக்காரர் வயிற்றில் அடிக்காமல் வீட்டைக் காப்பாற்றுகிறது. சென்னையில் மவுண்ட் ரோடு பாரத் இன்ஷூரன்ஸ் கட்டடத்தை இடிக்க 2006-ல் முயன்றபோது வழக்குப் போட்டு, 2010-ல் உயர் நீதிமன்றம் இடிக்கக் கூடாது என்று தீர்ப்புச் சொன்னது. அந்தத் தீர்ப்பிலும் ஒரு பட்டியல்தான் துணைக்கு வந்தது.

அமெரிக்காவில் மாசசூசெட்ஸ் மாநிலத்துச் சிற்றூர்களில் உள்ள வழக்கம் இவை எல்லாவற்றையும்விட எளியது. ஐம்பது வருஷத்துக்கு மேற்பட்ட வீட்டை இடிக்க யாராவது அனுமதி கேட்டால், ஊர்க் கமிட்டி அதைப் பார்க்கும். முக்கியமான வீடு என்று தோன்றினால் அனுமதியை மறுக்காது, தள்ளிவைக்கும். சில ஊரில் ஆறு மாதம், சில ஊரில் ஒரு வருஷம், சில இடத்தில் பதினெட்டு மாதம். அதற்குள் வாங்குகிறவர் கிடைக்கலாம், வேறு பிளான் போடலாம், ஊரே பணம் திரட்டலாம். ஒன்றும் நடக்காவிட்டால் இடித்துக்கொள்ளலாம். கேம்பிரிட்ஜ் என்ற ஊரில் 1979-லேயே இதைக் கொண்டுவந்துவிட்டார்கள்.

இந்தக் காத்திருப்புக் காலம்தான் மைசூருக்கு இன்று தேவை என்பது என் கட்சி. அரண்மனைகளுக்கும் மாளிகைகளுக்கும் பாதுகாப்புக் கிடைத்துவிடும். ஆபத்தெல்லாம் லக்ஷ்மிபுரம் போன்ற பேட்டைகளின் நடுத்தர வீடுகளுக்குத்தான். அவற்றையெல்லாம் நிரந்தரமாகப் பூட்டிவைக்கவும் முடியாது. ஆறு மாதம் நிறுத்திவைத்து, அளந்து, போட்டோ எடுத்து, வாங்க ஆளுண்டா என்று பார்க்க முடியும். விஜயநகரில் சமையலறையை அரை அடி வெளியே தள்ளினால் கேள்வி கேட்கும் ஊரில், எண்பது வருஷ வீடு போவதற்கு ஆறு மாதம் யோசித்தால் என்ன?

நம் குடும்பங்களில் பலருக்குத் தஞ்சாவூரிலோ, திருநெல்வேலியிலோ, சேலத்திலோ இப்படியொரு பங்கு வீடு பூட்டிக் கிடக்கும். விற்பதாக முடிவானால் விற்கத்தான் வேண்டும். அதற்கு நான் தடை சொல்லவில்லை. கும்பகோணத்தில் சாரங்கபாணி சன்னதித் தெருவில் கணிதமேதை ராமானுஜன் வீட்டை 2003-ல் சாஸ்திரா நிறுவனத்தார் வாங்கிப் பாதுகாத்தார்களே, அந்த அதிர்ஷ்டம் எல்லா வீட்டுக்கும் கிடையாது. ஆனால் பில்டரை அழைப்பதற்கு முன்னால் வீடாகவே வாங்கி வைத்துக்கொள்ள ஆள் இருக்கிறதா என்று இரண்டு மாதம் விசாரியுங்கள். செட்டிநாட்டுப் பக்கம் பழைய வீடுகள் விடுதிகளாக மாறிப் பிழைத்திருக்கின்றன. அதுவும் இல்லையென்றால், ஊரில் உள்ள டிப்ளமாப் பையன் ஒருவனைப் பிடித்து, முற்றம், ரேழி, கூடம், அடுக்களை எல்லாவற்றையும் டேப் வைத்து அளந்து ஒரு வரைபடம் போடச் சொல்லுங்கள். ஒரு நாள் வேலை. தூண், கதவு, உத்தரம் எல்லாவற்றையும் எண்ணிக் குறித்துவையுங்கள். இடிப்புக்காரரிடம் மொத்தமாக விட்டால் பழைய தேக்கு அடிமாட்டு விலைக்குப் போய்விடும். எண்ணி வைத்திருந்தால் தூண்களாவது உங்கள் புது வீட்டுக்கு வந்து சேரும்.

யாதவகிரி வீட்டைப் பார்க்காதவர்கள் ஒரு நாள் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போய் வாருங்கள். விஜயநகரிலிருந்து ஆட்டோவில் அதிக நேரம் ஆகாது. கீழே உள்ள சட்டை, கண்ணாடி, புத்தகங்களைப் பார்த்துவிட்டு அப்படியே திரும்பிவிடாதீர்கள். படியேறி அந்தச் சன்னல் அறைக்குப் போங்கள். காலை வெயில் நேரம் நல்லது.