'டி.எல்.எல். காணவில்லை' என்று கம்ப்யூட்டர் சொன்னால்… தேடி இறக்காதீங்க!

ஜூலை 31, சாயங்காலம் ஐந்து மணி. பழைய வண்ணாரப்பேட்டை எம்.சி. ரோட்டில் நீங்கள் ஒரு ரெடிமேட் கடை வைத்திருக்கிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். டி.டி.எஸ். காலாண்டு அறிக்கை தாக்கல் செய்ய இன்றே கடைசி நாள். தவறினால் நாள் ஒன்றுக்கு 200 ரூபாய் தாமதக் கட்டணம். பக்கத்துத் தெரு கம்ப்யூட்டர் சென்டருக்கு ஓடுகிறீர்கள். அங்கே இருக்கிற தம்பி மென்பொருளைத் திறக்கிறார். திரையில் ஒரு சின்னப் பெட்டி வருகிறது: 'எம்.எஸ்.வி.சி.ஆர். 100 டி.எல்.எல். இந்தக் கம்ப்யூட்டரில் இல்லை. புரோகிராமைத் தொடங்க முடியவில்லை.'

தம்பி அந்தப் பெயரை அப்படியே கூகுளில் போடுகிறார். 'இலவச டி.எல்.எல். டவுன்லோடு' என்று ஒரு பச்சை பட்டன் வருகிறது.

ஒரு நிமிஷம்! அந்தப் பட்டனை அமுக்குறதுக்கு முன்னாடி இதைப் படிச்சிடுங்க.

டி.எல்.எல். என்றால் என்ன?

'டைனமிக் லிங்க் லைப்ரரி' என்பதன் சுருக்கம்தான் டி.எல்.எல். இது விண்டோஸ் கம்ப்யூட்டரில் இருக்கும் பொதுக் கோப்பு. நம்ம தெருக்குழாய் மாதிரி என்று நினைச்சுக்கோங்க. ஒவ்வொரு வீடும் தனித்தனியாக போர் போடாமல், ஒரே குழாயில் எல்லாரும் தண்ணீர் பிடிக்கிறோம் இல்லையா? அதுபோல எழுத்தைத் திரையில் காட்டுவது, கோப்பைத் திறப்பது, இணையத்தோடு பேசுவது போன்ற வேலைகளுக்கான நிரல்கள் டி.எல்.எல். கோப்புகளில் இருக்கின்றன. பல மென்பொருள்கள் அவற்றைப் பகிர்ந்துகொள்கின்றன. குழாய் உடைந்தால் தெருவே குடத்தோடு நிற்கும். டி.எல்.எல். தொலைந்தால் அதை நம்பியிருக்கும் மென்பொருள்கள் எல்லாம் நின்றுவிடும்.

இதில் ஜாவா எங்கே வருகிறது?

ஜாவா என்பது 1995-இல் சன் மைக்ரோசிஸ்டம்ஸ் நிறுவனம் வெளியிட்ட நிரல் மொழி. 2010-இல் அந்த நிறுவனத்தை ஆரக்கிள் வாங்கியது. ஒருமுறை எழுதிய ஜாவா நிரல் விண்டோஸ், லினக்ஸ், மேக் என்று எங்கேயும் ஓடும் என்பதுதான் இதன் பெருமை. ஆனால் அப்படி ஓட வேண்டுமானால், நடுவில் ஒரு மொழிபெயர்ப்பாளர் வேண்டும். அந்த வேலையைச் செய்வது 'ஜாவா மெய்நிகர் இயந்திரம்'. விண்டோஸில் இந்த இயந்திரமே ஒரு டி.எல்.எல். கோப்புதான். அதன் பெயர் ஜே.வி.எம். டி.எல்.எல். அதற்குத் துணையாக ஜாவா டி.எல்.எல்., ஜே.எல்.ஐ. டி.எல்.எல். என இன்னும் பல கோப்புகள் ஜாவா கோப்புறைக்குள் இருக்கின்றன. இவை தவிர, மைக்ரோசாஃப்ட்டின் விஷுவல் சி++ கோப்புகளும் தேவை. ஜாவா 7-க்கும், ஜாவா 8-இன் பழைய பதிப்புகளுக்கும் வேண்டியது எம்.எஸ்.வி.சி.ஆர். 100. புதிய பதிப்புகளுக்கு வேண்டியது வி.சி. ரன்டைம் 140.

'எனக்கும் ஜாவாவுக்கும் என்ன சம்பந்தம்?' என்று கேட்காதீர்கள். டி.டி.எஸ். அறிக்கையைச் சரிபார்க்கும் எஃப்.வி.யு. மென்பொருள் ஜாவாவில்தான் ஓடுகிறது. ஜி.எஸ்.டி. தளத்தில் டிஜிட்டல் கையொப்பமிட உதவும் எம்சைனர் கருவிக்கும் ஜாவா வேண்டும். அரசு மின் ஒப்பந்தப்புள்ளித் தளங்களில் கையொப்பமிட ஜாவா நிறுவுவதும் பல ஆண்டுப் பழக்கம். முன்பு பிரவுசருக்குள்ளேயே ஜாவா ஓடியது. 2015-இல் குரோமும் 2017-இல் ஃபயர்ஃபாக்ஸும் அந்த வசதியை நிறுத்திய பிறகு, இப்படித் தனிக் கருவிகளைக் கம்ப்யூட்டரில் நிறுவ வேண்டியதாயிற்று.

ஏன் கண்ட தளத்தில் இறக்கக் கூடாது?

வண்ணாரப்பேட்டை என்ற பெயரே துணி வெளுக்கும் தொழிலிலிருந்து வந்தது. நூறு வீட்டுத் துணி ஒன்றாக வெளுக்கப் போனாலும், அவரவர் துணி அவரவர் வீட்டுக்கே சரியாகத் திரும்பி வரும். காரணம், துணியின் ஓரத்தில் போட்ட சலவைக் குறி.

கம்ப்யூட்டர் கோப்புகளுக்கும் இப்படி ஒரு குறி உண்டு. மைக்ரோசாஃப்ட், ஆரக்கிள் போன்ற நிறுவனங்கள் தங்கள் கோப்புகளில் டிஜிட்டல் கையொப்பம் இட்டே வெளியிடுகின்றன. கோப்பின் மேல் ரைட் கிளிக் செய்து, 'பிராப்பர்ட்டீஸ்' போய், 'டிஜிட்டல் சிக்னேச்சர்ஸ்' என்ற பகுதியைப் பாருங்கள். யார் கையொப்பமிட்டது என்று தெரியும். மைக்ரோசாஃப்ட் கோப்பு என்று சொல்லிக்கொண்டு வந்த கோப்பில் அந்தப் பகுதியே இல்லையென்றால், அது குறி இல்லாத துணி. யார் வீட்டுது என்று தெரியாது.

ஒரு டி.எல்.எல். கோப்பு, தன்னை அழைக்கும் மென்பொருளுக்கு உள்ள எல்லா அதிகாரத்தோடும் இயங்கும். இப்போது யோசித்துப் பாருங்கள். அதே கம்ப்யூட்டரில்தான் உங்கள் டி.எஸ்.சி. டோக்கனைச் செருகுகிறீர்கள், அதே கீபோர்டில்தான் பின் நம்பரைத் தட்டுகிறீர்கள். கெட்ட எண்ணத்தோடு எழுதப்பட்ட ஒரு டி.எல்.எல். அந்தப் பின்னைத் திருட முடியும். டோக்கன் செருகியிருக்கும் நேரத்தில் உங்கள் பெயரில் கையொப்பமிடவும் முடியும். தகவல் தொழில்நுட்பச் சட்டம் 2000-இன்படி டிஜிட்டல் கையொப்பம் உங்கள் கைநாட்டுக்குச் சமம். 200 ரூபாய் மிச்சம் பிடிக்கப் போய்க் கையெழுத்தையே பறிகொடுக்கலாமா?

சரி, என்ன செய்யணும்?

சூத்திரம் ஒன்றுதான்: தொலைந்த கோப்பைத் தனியாகத் தேடாதீர்கள். அந்தக் கோப்பு எந்த மென்பொருளோடு வந்ததோ, அதை முழுசாக, அதன் சொந்தக்காரரிடமிருந்து மீண்டும் நிறுவுங்கள்.

1. பெட்டியில் வந்த கோப்பின் பெயரை போனில் படம் பிடித்துக்கொள்ளுங்கள்.

2. பெயர் எம்.எஸ்.வி.சி.ஆர். 100 என்றால், மைக்ரோசாஃப்ட் தளத்தில் 'விஷுவல் சி++ 2010 ரீடிஸ்ட்ரிபியூட்டபிள்' தொகுப்பை நிறுவுங்கள். வி.சி. ரன்டைம் 140 அல்லது எம்.எஸ்.வி.சி.பி. 140 என்றால் 2015-2022 தொகுப்பு. இரண்டுமே இலவசம்.

3. ஜாவா, ஜே.வி.எம்., ஜே.எல்.ஐ. என்று பெயர் வந்தால் ஜாவாவையே நீக்கிவிட்டு, கம்ப்யூட்டரை ஒருமுறை ரீஸ்டார்ட் செய்து, மறுபடி நிறுவுங்கள்.

4. ஆன்டிவைரஸ் அந்தக் கோப்பைப் பிடித்து வைத்திருக்கிறதா என்று 'குவாரன்டைன்' பட்டியலில் பாருங்கள்.

5. எல்லாம் இருந்தும் டோக்கன் வேலை செய்யவில்லையா? 32 பிட், 64 பிட் பொருத்தத்தைப் பாருங்கள். டோக்கனோடு வரும் டிரைவரும் ஒரு டி.எல்.எல்.தான். 64 பிட் ஜாவாவால் 32 பிட் டி.எல்.எல். கோப்பைத் திறக்க முடியாது.

சென்டர் நடத்துபவர்களுக்கு ஒரு வார்த்தை: 2019 ஏப்ரலுக்குப் பிறகு வந்த ஆரக்கிள் ஜாவா 8 புதுப்பிப்புகள் சொந்த உபயோகத்துக்கு இலவசம், தொழிலுக்குப் பயன்படுத்த உரிமம் வேண்டும். எக்லிப்ஸ் டெமுரின் போன்ற ஓபன் ஜே.டி.கே. தொகுப்புகள் தொழிலுக்கும் இலவசம். எந்தப் பதிப்பு தேவை என்பதை அந்தந்த அரசுத் தளத்தின் உதவிப் பக்கத்தில் பார்த்துவிட்டு நிறுவுங்கள்.

மாணவர்களுக்கு

சர் தியாகராயா கல்லூரியிலோ, பக்கத்துப் பாலிடெக்னிக்கிலோ ஜாவா படிக்கிறீர்களா? நண்பனின் பென் டிரைவிலிருந்து ஒரே ஒரு டி.எல்.எல். கோப்பை எடுத்து 'சிஸ்டம் 32'-இல் ஒட்டும் பழக்கம் வேண்டாம். பெயர் குழப்பும்: 64 பிட் விண்டோஸில் 'சிஸ்டம் 32' கோப்புறைக்குள் இருப்பவை 64 பிட் கோப்புகள். 32 பிட் கோப்புகள் 'சிஸ்வாவ் 64' கோப்புறையில் இருக்கும். தப்பான இடத்தில் ஒட்டினால் பழுது கூடும், குறையாது. விண்டோஸின் சொந்தக் கோப்பு கெட்டிருந்தால், அதனுள்ளேயே இருக்கும் 'சிஸ்டம் ஃபைல் செக்கர்' சரிசெய்யும்.

கையில் போன் இருந்தாலே போதும் சில வேலைகளுக்கு

ஜி.எஸ்.டி.யில் டி.எஸ்.சி. கட்டாயம் என்பது கம்பெனிகளுக்கும் எல்.எல்.பி.க்களுக்கும்தான். தனி உரிமையாளராகக் கடை நடத்தும் நீங்கள், பதிவு செய்த மொபைலுக்கு வரும் ஓ.டி.பி. மூலமே தாக்கல் செய்யலாம். ஜாவாவும் வேண்டாம், டோக்கனும் வேண்டாம்.

டோக்கன் வைத்திருப்பவர்கள் வேலை முடிந்ததும் அதைக் கழற்றிக் கையோடு எடுத்து வாருங்கள். பின் நம்பரைக் காகிதத்தில் எழுதி டோக்கனோடு கொடுத்துவிட்டு வராதீர்கள். ஏதோ தவறு நடந்துவிட்டது என்று சந்தேகம் வந்தால், டி.எஸ்.சி. வழங்கிய நிறுவனத்திடம் சொல்லி உடனே அதை ரத்து செய்யுங்கள். பணம் போயிருந்தால் 1930 என்ற இலவச எண்ணை அழையுங்கள்.

எம்.சி. ரோடு கடைக்குத் திரும்புவோம். மணி ஐந்தே கால். பச்சை பட்டனை மூடிவிட்டு, மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்து தொகுப்பை இறக்கி நிறுவச் சொல்லுங்கள். சில நிமிட வேலைதான். ஆனாலும் அடுத்த காலாண்டுக்கு அக்டோபர் 31 வரை காத்திருக்காதீங்க. ஒரு வாரம் முன்னாடியே சென்டருக்குப் போயிடுங்க.