பெயர் ஓடும்போது எழுந்து விடாதீர்கள்!



போன மாதம் வகுப்பில், "படிச்சு முடிச்சு என்ன ஆகப் போறீங்க?" என்று ஒவ்வொருவரிடமும் கேட்டார்கள். நான் "சினிமா எடிட்டர்" என்றேன். "வெட்டி ஒட்டுறதெல்லாம் ஒரு வேலையாடா?" என்று கடைசி பெஞ்சில் ஒரே சிரிப்பு. அப்போது எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. இப்போது சொல்கிறேன்.

ஜெர்மனியில் யூலியானே லோரன்ஸ் என்று ஒரு பெண் எடிட்டர். 1957-ல் மன்ஹைம் நகரில் பிறந்தவர். ஃபாஸ்பிண்டர் என்ற புகழ்பெற்ற இயக்குநரிடம் 1976-ல் எடிட்டிங் உதவியாளராகச் சேர்ந்தார். அப்போது வயது 19தான்! ஃபாஸ்பிண்டரோடு சேர்ந்து அவர் எடிட் செய்த 'மரியா பிரவுனின் திருமணம்' 1979-ல் பெர்லின் திரைப்பட விழாவில் ஓடியபோது அவருக்கு வயது 21.

சரி, எடிட்டர் என்னதான் செய்வார்? ஒரே காட்சியைப் பல கோணத்தில், பல தடவை எடுத்து வைத்திருப்பார்கள். எதை வைப்பது, எதைத் தூக்குவது என்று பார்த்துப் பார்த்துச் சேர்ப்பது எடிட்டர். அப்பா திட்டுகிறார் என்று வையுங்கள். அப்பா முகத்தைக் காட்டினால் நமக்குப் பயம் வரும். அதே வசனம் ஓடும்போது மகன் முகத்தைக் காட்டினால் பாவமாக இருக்கும். வசனம் ஒன்றுதான், அர்த்தம் வேறு!

அன்றைக்கு கம்ப்யூட்டர் கிடையாது. ஸ்டீன்பெக் என்ற ஜெர்மன் மேஜையில் படச்சுருள் ஒரு தட்டிலும், ஒலி நாடா இன்னொரு தட்டிலும் சுற்றும். வெட்டி, டேப் ஒட்டி, ஓட்டிப் பார்க்கணும். சரியில்லைன்னா பிரித்து மறுபடி ஒட்டணும்.

இப்படித்தான் 1980-ல் 'பெர்லின் அலெக்சாண்டர்பிளாட்ஸ்' என்ற டிவி தொடரை லோரன்ஸ் எடிட் செய்தார். மொத்தம் 14 பகுதிகள், சுமார் 15 மணி நேரம். டிவியில் நொடிக்கு 25 படம். நான் கணக்குப் போட்டுப் பார்த்தேன்: 13 லட்சத்து 50 ஆயிரம் படங்கள்! அப்போது அவருக்கு வயது 23.

1982 ஜூனில் ஃபாஸ்பிண்டர் 37 வயதிலேயே இறந்துவிட்டார். லோரன்ஸின் வேலை அதோடு முடியவில்லை. ஃபாஸ்பிண்டரின் தாயார் தொடங்கிய அறக்கட்டளையின் பொறுப்பை 1992-ல் ஏற்று, அவருடைய படங்களைப் பாதுகாக்கப் பாடுபட்டார். அந்த டிவி தொடர் புதுப்பிக்கப்பட்டு 2007-ல் பெர்லின் விழாவில் திரையிடப்பட்டது. 1980-ல் "ரொம்ப இருட்டா இருக்கு" என்று குறை சொன்னார்கள். 2007-லோ "வெளிச்சம் கூடிப்போச்சு" என்றார்கள் சிலர்! எப்படியோ, சுருள் வீணாகாமல் படம் அடுத்த தலைமுறைக்குக் கிடைத்துவிட்டது.

கடைசி பெஞ்ச் நண்பர்களே, வெட்டுவது சுலபம். எங்கே வெட்டணும், எதை வெட்டக் கூடாது என்று தெரிவதுதான் வேலை. அடுத்த தடவை படம் முடிந்து பெயர் ஓடும்போது உடனே எழுந்து விடாதீர்கள். எடிட்டர் பெயர் வரும் வரையாவது உட்காருங்கள். ஒருநாள் அதில் என் பெயரும் வரலாம்!

– பதினோராம் வகுப்பு, 'ஆ' பிரிவு மாணவன்